கணக்கில் வராத கருவாடு

புது தில்லி: தலைநகரின் அமைச்சக வட்டாரங்களில் ஜாகிரோடு என்ற பெயர் பரவலாக உச்சரிக்கப்படத் தொடங்கியது 2024-ஆம் ஆண்டில்தான். அசாம் மாநிலம் மோரிகாவ் மாவட்டத்தில், குவாஹாட்டியிலிருந்து கிழக்கே ஏறத்தாழ 55 கிலோமீட்டர் தொலைவில் உள்ள இச்சிற்றூரில், டாடா குழுமத்தின் ரூ.27,000 கோடி மதிப்பிலான செமிகண்டக்டர் ஆலைக்கு அவ்வாண்டு மார்ச் மாதம் பிரதமர் நரேந்திர மோடி காணொலி மூலம் அடிக்கல் நாட்டினார். 2017-இல் உற்பத்தி நின்றுபோன பொதுத்துறைக் காகித ஆலை இருந்த நிலத்தில் அத்தொழிற்சாலை எழுகிறது. வடகிழக்கின் புதிய விடியல் என்று அது கொண்டாடப்பட்டது.

வடகிழக்கு மாநிலங்களின் சமையலறைகளுக்கோ ஜாகிரோடு வெகுகாலமாகவே அறிமுகமான ஊர். நாட்டின் மிகப்பெரிய கருவாட்டுச் சந்தைகளுள் ஒன்று அங்கே இயங்குகிறது. ஆசியாவிலேயே பெரியது இதுவே என்று வியாபாரிகள் உரிமை கொண்டாடுவதும் உண்டு. அதைச் சரிபார்க்க ஒழுங்கான புள்ளிவிவரம் எதுவும் இல்லாததால், யாரும் மறுப்பதற்கில்லை. இந்தக் கட்டுரையின் பொருளும் ஏறக்குறைய அதுதான். கோடிக்கணக்கான ஏழைகளின் தட்டில் அன்றாடம் இடம்பெறும் ஒரு உணவு, நாட்டின் மேற்குக் கடற்கரையிலிருந்து கிழக்கு எல்லைவரை பயணம் செய்கிறது. அரசின் பேரேட்டில் மட்டும் அதற்கு உரிய பக்கம் இல்லை.

ஜாகிரோட்டுக்கு வரும் மூட்டைகளின் பிறப்பிடங்களைத் தொடர்ந்து சென்றால் இந்தியாவின் வரைபடமே விரியும். குஜராத்தின் சௌராஷ்டிரக் கடற்கரை, மகாராஷ்டிரம், ஆந்திரம், தமிழ்நாடு, மேற்கு வங்கம் ஆகியவற்றிலிருந்து கடல் மீன் கருவாடு வருகிறது. பிகார், உத்தரப் பிரதேசம் போன்ற மாநிலங்களின் ஆறுகளிலும் ஏரிகளிலும் பிடிபட்ட நன்னீர் மீன்களும் உலர்ந்து வந்து சேருகின்றன. அங்கிருந்து மேகாலயம், நாகாலாந்து, மணிப்பூர், மிசோரம், திரிபுரா, அருணாசலப் பிரதேசம் எனப் பிரிந்து செல்கின்றன. அரபிக் கடலோரத்தில் ஒரு மீனவப் பெண் காய வைத்த மீன், இரண்டாயிரம் கிலோமீட்டருக்கும் மேல் கடந்து, கடலையே கண்டிராத ஒரு மலைக்கிராமத்தின் வாரச்சந்தையில் விலைபோகிறது. இவ்வளவு நீண்ட சங்கிலிக்குக் குளிர்பதனக் கிடங்கோ, குளிரூட்டப்பட்ட லாரியோ தேவைப்படவில்லை. வெயிலும் உப்பும் சாக்குப் பையுமே போதுமானவையாக இருந்து வந்துள்ளன.

மலைநாட்டின் சுவை

வடகிழக்கில் கருவாடு தொட்டுக்கொள்ளும் பொருள் மட்டுமன்று. உணவின் அடிப்படைச் சுவையே அதுதான். தமிழர் சமையலில் புளியும் பெருங்காயமும் வகிக்கும் இடத்தை அங்கே புளிக்க வைத்த மீன் வகிக்கிறது எனலாம். மணிப்பூரில் அதற்கு 'ஙாரி' என்று பெயர். கெண்டை இனத்தைச் சேர்ந்த சிறு நன்னீர் மீன்களை வெயிலில் உலர்த்தி, உட்புறம் எண்ணெய் பூசிய மண்பானைகளில் காற்றுப் புகாதவாறு அழுத்தி அடைத்து, வாயை மூடி மாதக்கணக்கில் வைத்து விடுகின்றனர். இதில் உப்புச் சேர்ப்பதில்லை என்பது தென்னிந்திய வாசகர்களுக்கு வியப்பளிக்கக் கூடும். மிளகாயும் வேகவைத்த காய்கறிகளும் ஙாரியும் சேர்த்து மசித்த 'எரோம்பா' இல்லாமல் மெய்தேய் வீடுகளில் உணவு நிறைவு பெறுவதில்லை. அசாம், திரிபுரா பகுதிகளின் 'சிதல்', திரிபுராவின் பழங்குடியினர் 'குதோக்' என்ற உணவில் சேர்க்கும் 'பெர்மா', மேகாலயத்தின் காசி மக்கள் துவையலாக அரைக்கும் 'துங்தாப்' ஆகியவையும் இதே குடும்பத்தைச் சேர்ந்தவை.

இவற்றுக்கு வேண்டிய சிறு மீன்கள் ஒருகாலத்தில் உள்ளூர் ஏரிகளிலும் வயல்களிலும் கிடைத்தன. மணிப்பூரின் லோக்டாக் ஏரியில் 1983-இல் செயல்பாட்டுக்கு வந்த இதாய் தடுப்பணை நீர்மட்டத்தை ஆண்டு முழுவதும் உயர்த்தி வைத்தது. ஆற்றிலிருந்து ஏரிக்கு மீன்கள் ஏறி வரும் பாதை அதனால் அடைபட்டதாக உள்ளூர் மீனவர்களும் சூழலியலாளர்களும் நீண்டகாலமாகக் கூறி வருகின்றனர். இன்று ஙாரி பானைக்குள் போகும் மீனில் பெரும்பகுதி வெளியிலிருந்தே வருகிறது. வங்கதேசத்தின் கருவாடும் அகௌரா எல்லை வழியாகத் திரிபுராவுக்குள் நுழைகிறது. ஒரு மாநிலத்தின் மிக அந்தரங்கமான சுவைக்கு மூலப்பொருள் அண்டை நாட்டிலிருந்தும் தொலைதூர மாநிலங்களிலிருந்தும் வர வேண்டியிருப்பது, வளர்ச்சித் திட்ட அறிக்கைகளில் செலவாகக் காட்டப்படாத ஒரு செலவு.

இந்தச் சார்பு எவ்வளவு நொய்ந்தது என்பது சாலை அடைபடும்போது தெரிகிறது. மணிப்பூரில் 2011-ஆம் ஆண்டு நூறு நாட்களுக்கும் மேல் நீடித்த நெடுஞ்சாலை மறியலின்போதும், 2023 மே 3 அன்று வெடித்த இன மோதலுக்குப் பிறகும் பள்ளத்தாக்குக்கும் மலைக்கும் இடையே சரக்குப் போக்குவரத்து துண்டாடப்பட்டது. எரிவாயு உருளையின் விலையும் பெட்ரோல் விலையும் தில்லி நாளேடுகளில் செய்தியாயின. ஒரே ஙாரியை மெய்தேய்களும் குகிகளும் நாகர்களும் உண்கிறார்கள் என்பதும், அதைக் கொண்டுவரும் லாரி எந்தச் சோதனைச் சாவடியைத் தாண்ட முடியும் என்பதே அரசியலாகிவிட்டது என்பதும் செய்தியாகவில்லை.

வெயிலை நம்பும் தொழில்

மறுமுனைக்குச் செல்வோம். மும்பையின் வெர்சோவா, மட், உத்தன் ஆகிய மீனவக் குப்பங்களிலும், பால்கர் மாவட்டத்தின் அர்னாளாவிலும், குஜராத்தின் ஜாஃபராபாத், நவாபந்தர் துறைமுகங்களிலும் மழைக்காலம் முடிந்ததும் மூங்கில் சட்டங்கள் எழும்புகின்றன. 'பாம்பே டக்' என்று ஆங்கிலேயர் பெயர் சூட்டிய பொம்பில் மீனை இரண்டிரண்டாக வாயோடு வாய் கோத்து அச்சட்டங்களில் தொங்க விடுகின்றனர். பொம்பிலின் உடல் பெரும்பாலும் நீராலானது. பிடித்த சில மணி நேரத்திலேயே குழைந்துவிடும். எனவே அதை உலர்த்துவது விருப்பம் சார்ந்த ஒன்றன்று. விற்காமல் எஞ்சிய மீனைக் காப்பாற்ற வேறு வழியே கிடையாது. கூனி இறால், நெத்திலி, வாளை ஆகியவை தரையிலும் வலை விரிப்பிலும் காய்கின்றன.

வேலை முழுவதும் பெண்களின் கைகளில் இருக்கிறது. படகு கரை சேர்ந்ததும் மீனை வாங்குவது, கழுவுவது, கோப்பது, புரட்டிப் போடுவது, மாலையில் பனி படாமல் மூடுவது, காக்கை நாய் விரட்டுவது, தரம் பிரிப்பது, கூடையில் சுமந்து சந்தைக்குக் கொண்டு செல்வது அனைத்தும் அவர்கள் பொறுப்பு. மும்பை அந்தேரி கிழக்கில் உள்ள மரோல் கருவாட்டுச் சந்தை, பொழுது விடிவதற்கு முன்பே கோலி சமூகப் பெண்களின் பேரத்தால் நிறைந்துவிடுகிறது. மத்திய அரசின் ஆணைப்படி மேற்குக் கடற்கரையில் ஜூன் 1 முதல் ஜூலை 31 வரை 61 நாட்கள் விசைப்படகுகள் கடலுக்குச் செல்லத் தடை உள்ளது. அந்த இரு மாதங்களுக்கு மகாராஷ்டிரக் கிராமங்கள் நம்பியிருப்பது மே இறுதிக்குள் உலர்த்திச் சேமித்த கருவாட்டையே.

ஆகவே மே மாத மழை இவர்களுக்குப் பேரிடர். 2025-ஆம் ஆண்டு தென்மேற்குப் பருவமழை மும்பையை மே 26 அன்றே தொட்டது. வழக்கமான தேதி ஜூன் 11. வானிலை ஆய்வுத் துறையின் பதிவுகளில் இவ்வளவு முன்னதாக அது வந்ததே இல்லை என்று அறிவிக்கப்பட்டபோது, மின்ரயில் தடத்தில் தேங்கிய நீரே தொலைக்காட்சிகளில் காட்டப்பட்டது. அதற்கு முன் 2021 டிசம்பர் முதல் வாரத்தில், கருவாட்டுப் பருவம் உச்சத்தில் இருந்தபோது, மும்பைக் கடற்கரையில் காலம் தவறிய மழை கொட்டியது. உலர்த்தும் பாதிக் கட்டத்தில் ஒருமுறை நனைந்த மீனை மீண்டும் காய வைத்து உணவாக விற்க இயலாது. புழு வைத்துவிடும். மிஞ்சினால் கோழித் தீவனத்துக்கோ உரத்துக்கோ அடிமாட்டு விலைக்குத் தள்ள வேண்டியதுதான்.

விவசாயியின் பயிர் நனைந்தால் ஒரு நடைமுறை இருக்கிறது. வருவாய்த் துறை அலுவலர் வருவார்; 33 சதவீதத்துக்கு மேல் சேதம் என்று எழுதினால் மாநிலப் பேரிடர் நிவாரண நிதியிலிருந்து இடுபொருள் மானியம் கிடைக்கும். அத்தொகை போதாது என்பது வேறு விவாதம். அதே நிதியின் விதிமுறைகளில் மீனவர்களுக்கான பகுதியைப் பார்த்தால், சேதமடைந்த அல்லது காணாமற்போன படகு, வலை, மீன்குஞ்சுப் பண்ணைக்கான இடுபொருள் ஆகியவையே உள்ளன. கரையில் காய்ந்துகொண்டிருந்த மீன் அதில் இல்லை. காலம் தவறிய மழையும் மத்திய அரசு அறிவித்த பேரிடர்களின் பட்டியலில் இல்லை. புயல் உண்டு, வெள்ளம் உண்டு, ஆலங்கட்டி மழைகூட உண்டு. அதாவது, ஆணின் பெயரில் பதிவான படகுக்கு இழப்பீடு கேட்கலாம். பெண்ணின் உழைப்பில் உருவான கருவாட்டுக்குக் கேட்க முடியாது. 2021 மே 17 அன்று டவ்-தே புயல் சௌராஷ்டிரக் கரையில் உனா அருகே கரையேறி ஜாஃபராபாத் துறைமுகத்தைச் சிதைத்தபோது வந்த நிவாரண அறிவிப்புகளும் படகுகளையும் துறைமுகங்களையும் சுற்றியே அமைந்தன.

மகாராஷ்டிர அமைச்சரவை 2025 ஏப்ரலில் மீன்வளத் துறைக்கு வேளாண்மைக்கு நிகரான தகுதி அளித்தது. மின்கட்டணம், கடன், காப்பீடு ஆகியவற்றில் சலுகை கிடைக்கும் என்று அறிவிக்கப்பட்டது. நல்ல முடிவுதான். எனினும் அறிவிப்பின் அழுத்தம் வளர்ப்பு மீன் பண்ணைகள், குளிர்பதன நிலையங்கள், மீன் தீவன ஆலைகள் போன்ற மின்சாரம் உண்ணும் தொழில்களின் மீதே விழுகிறது. மின்சாரமே பயன்படுத்தாத தொழிலுக்கு மின்கட்டணச் சலுகையால் என்ன பயன் என்று கேட்பாரில்லை.

களம் யாருக்குச் சொந்தம்?

கருவாட்டுக்கு வெயிலுக்கு அடுத்தபடியாக வேண்டியது இடம். நெல்லுக்குக் களத்துமேடு எப்படியோ அப்படி. கடற்கரை ஒழுங்குமுறை மண்டல அறிவிக்கைகள் 2011-இலும் 2019-இலும் மீன் உலர்த்தும் களங்களை உள்ளூர் மக்களுக்கு அனுமதிக்கத்தக்க வசதிகளின் பட்டியலில் சேர்த்துள்ளன. அனுமதி என்பது உரிமை ஆகாது. பட்டா இல்லாத புறம்போக்கு மணலில்தான் பெரும்பாலான களங்கள் இன்றும் இருக்கின்றன. நகரம் நெருங்கும்போதும், துறைமுகமோ சுற்றுலாத் திட்டமோ வரும்போதும் முதலில் காலியாவது அந்த மணல்.

இதன் மிகக் கசப்பான உதாரணம் மேற்கு வங்கத்தில் நிகழ்ந்தது. சுந்தரவனத்தின் தென்மேற்கே, பிரேசர்கஞ்ச் கரைக்கு அப்பால் ஜம்புத்வீப் என்ற தீவு உள்ளது. ஆண்டுதோறும் அக்டோபர் முதல் பிப்ரவரி வரை ஆயிரக்கணக்கான மீனவர்கள் அங்கே குடிசை போட்டுத் தங்கி, பை வலைகளில் மீன் பிடித்து, தீவின் மணலிலேயே உலர்த்துவது பல பதிற்றாண்டுகளாக நடந்து வந்தது. 'கூட்டி' என்று வங்கத்தில் அழைக்கப்படும் இத்தகைய பருவகாலக் களங்கள் அம்மாநிலக் கருவாட்டுத் தொழிலின் முதுகெலும்பு. தீவு காப்புக் காடு என்றும், 1980-ஆம் ஆண்டின் வனப் பாதுகாப்புச் சட்டத்தின்படி மீன் உலர்த்துவது காடு சாராத செயல் என்றும் கூறி 2002-இல் வனத் துறை அவர்களை வெளியேற்றியது. விவகாரம் உச்ச நீதிமன்றம் அமைத்த மத்திய அதிகாரக் குழுவிடம் சென்றது. அவ்வாண்டு டிசம்பரில் குழுவும் மீனவர்களுக்கு எதிராகவே கருத்துத் தெரிவித்தது. அலையாத்தியைக் காக்க வேண்டியதில்லை என்று எவரும் வாதிடவில்லை. ஆண்டில் ஐந்து மாதம் மட்டும் தங்கும் மக்களுக்கும் காட்டுக்கும் இடையே ஓர் உடன்பாடு சாத்தியமா என்று ஆராயக்கூட அவகாசம் அளிக்கப்படவில்லை என்பதே மீனவர் சங்கங்களின் குறையாக இருந்தது.

அதே மாநிலத்தில் ஹரிப்பூர் வேறு விதமாக முடிந்தது. கிழக்கு மேதினிப்பூர் மாவட்டத்தில் ஜுன்புட் கடற்கரையை ஒட்டி அணுமின் நிலையம் அமைக்க மத்திய அரசு இடம் தேர்ந்தெடுத்தபோது, 2006-இல் எழுந்த எதிர்ப்பில் கருவாட்டுக் களத்து மக்கள் முன்னணியில் நின்றனர். ஆய்வுக் குழுவை ஊருக்குள் நுழைய விடவில்லை. ஆட்சி மாற்றத்துக்குப் பின் 2011 ஆகஸ்டில் மாநில அரசு அத்திட்டத்தைக் கைவிட்டது. நந்திகிராமமும் சிங்கூரும் வங்க அரசியலைப் புரட்டிப் போட்ட கதை எல்லோருக்கும் தெரியும். அதே காலத்தில், அதே மாவட்டத்தில் கருவாடு காய வைக்கும் மணலுக்காக நடந்த போராட்டம் வெற்றி பெற்றது என்பது அவ்வளவாக நினைவுகூரப்படுவதில்லை.

இறாலுக்கு முன்னுரிமை

தில்லியில் மீன் என்றால் ஏற்றுமதி. ஏற்றுமதி என்றால் இறால். 2023-24 நிதியாண்டில் இந்தியா 17.81 லட்சம் டன் கடல் உணவை ஏற்றுமதி செய்து ரூ.60,523 கோடி ஈட்டியது. இதில் ரூ.40,013 கோடி உறைய வைத்த இறால் மட்டும். அமெரிக்கா 2025 ஆகஸ்டில் இந்தியப் பொருள்கள் மீதான வரியை 50 சதவீதமாக உயர்த்தியபோது ஆந்திர முதல்வர் முதல் மத்திய அமைச்சர்கள் வரை இறால் பண்ணையாளர்களுக்காகக் குரல் கொடுத்தனர். அதில் தவறில்லை, லட்சக்கணக்கானோர் வாழ்வு அதில் அடங்கியுள்ளது.

கருவாட்டுக்கு அப்படி ஒரு முதல்வர் இல்லை. கடலில் பிடிபடும் மீனில் ஏறத்தாழ ஆறில் ஒரு பங்கு உலர்த்தவோ உப்பிடவோ படுகிறது என்பது மீன்வள ஆய்வாளர்கள் நீண்டகாலமாகக் குறிப்பிட்டு வரும் மதிப்பீடு. ஆனால் அது கைமாறும் விதம் பெரும்பாலும் ரசீதற்றது. முன்பணம் கொடுத்த தரகருக்கே சரக்கு, அவர் சொன்னதே விலை. உள்நாட்டிலேயே விற்று உள்நாட்டிலேயே உண்ணப்படுவதால் அன்னியச் செலாவணி கிடையாது. அன்னியச் செலாவணி இல்லாததால் அமைச்சகக் கூட்டங்களில் பேச்சும் கிடையாது.

இரண்டுக்கும் இடையே இன்னொரு தொடர்பு உள்ளது. வளர்ப்பு இறாலுக்குத் தீவனம் வேண்டும். தீவனத்துக்கு மீன்மாவு வேண்டும். மங்களூர், மால்பே, வேராவல் போன்ற துறைமுகங்களை ஒட்டிய மீன்மாவு ஆலைகள் மத்தியையும் இழுவலைகளில் சிக்கும் பொடிமீன்களையும் டன் கணக்கில் வாங்குகின்றன. கரைக்கு வந்து கூடையில் மீன் எடுத்து உலர்த்தும் பெண்ணால் ஆலையின் லாரியோடு ஏலத்தில் போட்டியிட முடிவதில்லை. ஒரு காலத்தில் அவளுக்குக் கழிவு விலைக்குக் கிடைத்த சரக்கு அது. ஆக, ஏழையின் புரதம் மாவாகி, இறாலாகி, கப்பலேறிப் போகிறது. தமிழ்நாட்டுக் கடற்கரையும் இதற்கு விலக்கல்ல. இங்கு உலர்த்தப்படும் தரம் குறைந்த மீனில் கணிசமான பங்கு நாமக்கல் கோழிப் பண்ணைகளின் தீவனத்துக்குச் செல்கிறது. உணவுக்கு ஏற்ற தரத்தில் உலர்த்தினால் கூடுதல் விலை கிடைக்கும் என்று அதிகாரிகள் அறிவுரை கூறுகின்றனர். சுத்தமான மேடையும் நன்னீரும் கூரையும் இல்லாத களத்தில் தரத்தை எப்படிக் கூட்டுவது என்பதை அவர்களும் அறிவார்கள்.

2020 மே மாதம் ஒப்புதல் பெற்ற ரூ.20,050 கோடி மதிப்பிலான பிரதமர் மத்ஸ்ய சம்பதா திட்டத்தில் அறுவடைக்குப் பிந்தைய கட்டமைப்புக்கு இடம் உண்டு. கொச்சியில் உள்ள மத்திய மீன்வளத் தொழில்நுட்ப நிறுவனம் சூரிய வெப்ப உலர்த்திகளை வடிவமைத்துத் தந்திருக்கிறது. மழையிலும் தூசியிலும் இருந்து மீனைக் காக்கும் நல்ல கருவிகள் அவை. ஆயினும் அவை மகளிர் குழுக்களுக்கு ஒன்றிரண்டாகப் போய்ச் சேருகின்றனவே தவிர, ஒரு பருவத்தில் ஒரு துறைமுகத்தில் குவியும் பொம்பிலை உலர்த்தும் அளவுக்கு அல்ல.

ஆங்கிலேயர் கொடுத்த உப்பு

முரண் என்னவென்றால், கருவாட்டை அரசின் கண்ணில் படும் பொருளாக நடத்தியது காலனி ஆட்சிதான். அதுவும் தன் சொந்தப் பாவத்தைக் கழுவ. உப்பு வரியால் விலை ஏறியதால் மீனவர்கள் உவர்மண்ணைப் பயன்படுத்தி மீனைக் கெடுத்துக்கொள்வதைப் பிரான்சிஸ் டே என்ற அதிகாரி 1873-இல் வெளியான தமது அறிக்கையில் எடுத்துக்காட்டினார். அதன் தொடர்ச்சியாகச் சென்னை மாகாணக் கடற்கரை நெடுக வேலியிட்ட உப்பிடு களங்கள் திறக்கப்பட்டன. அங்கே மீனை உப்பிட மட்டும், கணக்கு எழுதி, வரியில்லா உப்பு வழங்கப்பட்டது. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மாகாண மீன்வளப் பணிகளை வழிநடத்திய பிரெடரிக் நிக்கல்சன் பதப்படுத்தும் முறைகளில் தனிக் கவனம் செலுத்தினார். உப்பு வரி 1947-இல் ஒழிந்ததும் களங்களின் காரணமும் ஒழிந்தது. வரி போனது நியாயம். கூடவே, எவ்வளவு மீன் உப்பிடப்படுகிறது என்று எடை போட்டு எழுதிய பேரேடும் போய்விட்டது.

சுதந்திர இந்தியாவின் வரி அலுவலகம் கருவாட்டை மீண்டும் கண்டுபிடித்தது 2017-இல். சரக்கு மற்றும் சேவை வரி ஜூலையில் அமலானபோது உலர்ந்த மீனுக்கு 5 சதவீதம் விதிக்கப்பட்டது. எதிர்ப்புக்குப் பின் அவ்வாண்டு நவம்பரில், வணிகப் பெயரிட்டு அடைக்கப்படாத கருவாட்டுக்கு விலக்கு அளிக்கப்பட்டது. 2022 ஜூலை 18 முதல் அளவுகோல் மாறியது. முன்கூட்டியே பொட்டலமிட்டு விவரச்சீட்டு ஒட்டினாலே 5 சதவீதம். ஒருபுறம் சுத்தமாகப் பொட்டலமிட்டு விற்கச் சொல்லி மகளிர் குழுக்களுக்குப் பயிற்சி. மறுபுறம் பொட்டலமிட்டால் வரி. சிறு குழுக்கள் பதிவு வரம்புக்குள் வராமல் தப்பலாம். அவர்களிடம் வாங்கி விற்கும் கடைக்காரர் தப்ப முடியாது. 2025 செப்டம்பரில் நடந்த பெரும் வரிச் சீரமைப்பில் டப்பாவில் அடைத்த, பதப்படுத்திய மீன் வகைகளின் வரி 12-லிருந்து 5 சதவீதமாகக் குறைந்தது. தொழிற்சாலைப் பொருளும் பெண்கள் குழுவின் பொட்டலமும் ஒரே தட்டில் வந்து நிற்கின்றன.

வாடை அரசியல்

கருவாடு ஏன் பேசப்படுவதில்லை என்பதற்கு எண்களைத் தாண்டிய ஒரு காரணமும் உண்டு. அதன் மணம். 2007-ஆம் ஆண்டு தில்லி காவல் துறை, தலைநகரில் வசிக்கும் வடகிழக்கு மாணவர்களுக்காக ஒரு கையேடு வெளியிட்டது. மூங்கில் குருத்து, புளிக்க வைத்த சோயா போன்ற வாடை மிகுந்த உணவுகளை அக்கம்பக்கத்தாருக்குத் தொந்தரவு இல்லாமல் சமைக்க வேண்டும் என்று அதில் அறிவுறுத்தப்பட்டிருந்தது. கண்டனம் எழுந்தது. எழுந்தும் என்ன? வாடகைக்கு வீடு கேட்கும்போது வீட்டு உரிமையாளர் இன்றும் முதலில் விசாரிப்பது அடுப்பில் என்ன வேகும் என்பதையே. 2014 ஜனவரியில் லஜ்பத் நகரில் அருணாசலப் பிரதேச மாணவர் நிடோ தானியா தாக்கப்பட்டு இறந்ததைத் தொடர்ந்து அமைக்கப்பட்ட பெஸ்பருவா குழு, வடகிழக்கு மக்கள் பெருநகரங்களில் சந்திக்கும் பாகுபாட்டைப் பதிவு செய்தது. முனிர்க்கா, ஹுமாயூன்பூர் சந்துகளில் ஙாரியும் உலர்ந்த மீனும் விற்கும் சிறு கடைகள் இப்போது பெருகியுள்ளன. தில்லி கொஞ்சம் பழகிக்கொண்டது என்று சொல்லலாம், ஆனால் அந்தச் சில சந்துகளுக்குள் மட்டும்.

வடநாட்டைப் பழித்துவிட்டுத் தமிழகம் ஒதுங்கிக்கொள்ள முடியாது. 2021 டிசம்பரில் குமரி மாவட்டம் குளச்சலில், மீன் விற்றுவிட்டு வீடு திரும்பிய மூதாட்டி ஒருவர் துர்நாற்றம் வீசுவதாகக் கூறி அரசுப் பேருந்திலிருந்து இறக்கிவிடப்பட்டார். காணொலி பரவி, முதல்வரே கண்டித்து, ஊழியர்கள் பணியிடை நீக்கம் செய்யப்பட்ட பிறகே அது குற்றமாயிற்று.

மணத்தை இழிவாகப் பார்க்கும் சமூகத்தில் சட்டமன்ற உறுப்பினர்கள் கருவாட்டுக்காக எழுந்து நிற்கத் தயங்குவது இயல்பு. வெங்காய விலை ஏறினால் ஆட்சி ஆடுகிறது. கருவாட்டு விலை ஏறினால் அதை உண்பவர் சிறு மீனுக்கு இறங்குகிறார், பிறகு இன்னும் சிறிய மீனுக்கு. கடைசியில் மிளகாயும் உப்பும். சிறு மீன்களைத் தலையோடும் முள்ளோடும் முழுதாக உண்ணும்போது கிடைக்கும் சுண்ணாம்புச் சத்தும் இரும்புச் சத்தும் வேறு மலிவான உணவில் எளிதில் கிடைப்பதில்லை. ரத்தசோகையை ஒழிக்கச் செறிவூட்டப்பட்ட அரிசியைப் பொது விநியோகத்தில் கொண்டுவந்த அரசு, மக்கள் ஏற்கெனவே உண்டு வரும் ஒரு சத்துணவின் விலையைக்கூடக் கண்காணிப்பதில்லை. அத்தியாவசியப் பொருள்களின் அன்றாட விலையைத் தொகுக்கும் நுகர்வோர் விவகாரத் துறையின் பட்டியலில் பருப்பும் எண்ணெயும் தேயிலையும் உள்ளன, கருவாடு இல்லை.

2025 நவம்பர் 3 முதல் டிசம்பர் 18 வரை நாட்டின் கடலோர மீனவக் குடும்பங்களின் கணக்கெடுப்பு நடந்தது. 2005, 2010, 2016-க்குப் பிறகு நடக்கும் அக்கணக்கெடுப்பில் முதன்முறையாகக் காகிதப் படிவங்களுக்குப் பதில் கைபேசிச் செயலி பயன்பட்டது. ஏறத்தாழ 4,000 மீனவ ஊர்களில் 12 லட்சம் குடும்பங்களைச் சந்திப்பது இலக்கு. முந்தைய கணக்கெடுப்புகளிலேயே மீன் உலர்த்தல், பதப்படுத்தல் ஆகியவற்றில் ஈடுபடும் பெண்களின் எண்ணிக்கை தனியாக எடுக்கப்பட்டது. ஆகவே ஆட்கள் எண்ணப்படுகிறார்கள். அவர்கள் உலர்த்தும் மீனின் எடை, அது காயும் மணலின் பரப்பு, மழையில் ஆண்டுதோறும் அழுகிப்போவதன் மதிப்பு ஆகிய மூன்றும் இன்னும் எந்தத் துறையின் படிவத்திலும் நிரப்பப்பட வேண்டிய கட்டங்களாகவில்லை. பேரிடர் நிவாரண விதிமுறைகளில் ஒரு வரியைச் சேர்க்க நாடாளுமன்றத்தின் ஒப்புதல்கூடத் தேவையில்லை. உள்துறை அமைச்சகத்தின் ஒரு கடிதம் போதும்.